கணினிப் பலகை ஆர்கேட் ஆட்டங்கள்: லினக்ஸ் ரெட்ரோ பெட்டியில் எந்த வழியில் ஓட்டுவது?

பழைய ஆட்டங்களை ஓட்டுவதற்கென்றே உருவான பட்டோசெரா போன்ற ஒரு லினக்ஸ் ரெட்ரோ அமைப்பை நிறுவியவர்களுக்கு முதல் சில வாரங்கள் சுகமாகப் போகும். ஆட்டத்தின் நகலான ரோம் கோப்பை உரிய கோப்புறையில் போட்டுப் பட்டியலைப் புதுப்பித்தால் ஆட்டம் வந்து நிற்கும். எண்பதுகளின் ஆர்கேட் பலகைகளும் (காசு போட்டு ஆடும் பெட்டிகளுக்குள் இருந்த மின்பலகைகள்) தொண்ணூறுகளின் பலகைகளும் பெரும்பாலும் இப்படித்தான் வழிக்கு வருகின்றன. பிறகு ஒருநாள் ஹவுஸ் ஆஃப் தி டெட் 4 ஆடவேண்டும் என்று தோன்றும். அல்லது ஆஃப்டர் பர்னர் கிளைமாக்ஸ், ரெய்டன் 3, ஸ்ட்ரீட் ஃபைட்டர் 4-இன் ஆர்கேட் வடிவம். இங்கே போடுவதற்கு ஒற்றை ரோம் கோப்பே இருக்காது. ஒரு வன்தட்டில் இருந்தது முழுவதும் கோப்புறையாகக் கிடக்கும். அதற்குள் விண்டோஸ் நிரல் ஒன்றோ, பெயரின் பின்னால் எந்த நீட்சியும் இல்லாத லினக்ஸ் நிரல் ஒன்றோ இருக்கும்.

இந்த இடத்தில் பலரும் கேட்பது, "எந்த எமுலேட்டரைப் போடுவது?" என்றுதான். எமுலேட்டர் என்றால் பழைய இயந்திரத்தை மென்பொருளில் போலியாக உருவாக்கும் நிரல். நானும் இதே கேள்வியைக் கேட்டுக்கொண்டு பல இரவுகளைச் செலவழித்தேன். முதலில் கேட்கவேண்டிய கேள்வி வேறு: இந்த ஆட்டம் பிறந்த பலகையில் எந்த இயங்குதளம் ஓடியது? இதற்கு விடை கிடைத்துவிட்டால் எந்த வழியில் போவது என்பதில் பாதி முடிவாகிவிடும்.

பெட்டிக்குள் இருந்தது கணினிதான்

2000-களின் நடுவில் ஆர்கேட் நிறுவனங்கள் தங்களுக்கென்று தனிச் சில்லுகளை உருவாக்குவதைக் குறைத்துக்கொண்டு, கடையில் கிடைக்கும் கணினிப் பாகங்களுக்கு மாறின. 2004-இல் வந்த டைட்டோ டைப் எக்ஸ், விண்டோஸ் எக்ஸ்பி எம்பெடட் ஓடிய ஓர் இன்டெல் கணினி. 2005-இல் வந்த சேகா லிண்ட்பெர்க்கில் பென்டியம் 4, என்விடியா ஜீஃபோர்ஸ் 6 வரிசையைச் சேர்ந்த கிராபிக்ஸ், மோன்டாவிஸ்டா லினக்ஸ். 2009-இல் சேகா கொண்டுவந்த ரிங்எட்ஜும் ரிங்வைடும் விண்டோஸ் எக்ஸ்பி எம்பெடடுக்குப் போயின. நாம்கோவின் என்2 பலகை லினக்ஸில் ஓடியது. ஒரே காலத்து ஆட்டங்களுக்குள்ளேயே இப்படி இரண்டு குடும்பங்கள் இருக்கின்றன. இந்தப் பிரிவைக் கவனிக்காமல் எல்லாவற்றையும் ஒரே கருவியில் ஏற்றப் பார்ப்பதுதான் பெரும்பாலான தோல்விகளுக்குக் காரணம்.

இவற்றின் நிரல்கள் நம் மேசைக் கணினியின் செயலி புரிந்துகொள்ளும் அதே எக்ஸ்86 கட்டளைகளில்தான் எழுதப்பட்டிருக்கின்றன. ஆகவே செயலியைப் போலியாக உருவாக்கத் தேவையில்லை. ஆனால் ஆட்டம் தொடங்கியதும் சில பொருள்களைத் தேடும்: ஜேவிஎஸ் என்னும் தரத்தில் பேசும் உள்ளீட்டுப் பலகை, பாதுகாப்பு டாங்கிள் (அசல் பெட்டிதானா என்று சோதிக்கச் செருகும் சாவி), அட்டை படிக்கும் கருவி, குறிப்பிட்ட டிரைவ் எழுத்துகள். இவற்றில் ஒன்று பதில் சொல்லாவிட்டாலும் பிழைத் திரையோடு நின்றுவிடும். அந்தப் பொருள்கள் இருப்பதுபோல் ஆட்டத்துக்குப் பதில் சொல்லும் இடைநிரலைத்தான் லோடர் என்கிறோம். மேம் எமுலேட்டரிலும் லிண்ட்பெர்க்குக்கென்று ஒரு டிரைவர் கோப்பு உண்டு. ஆடக்கூடிய நிலையில் அது இல்லை. அந்தப் பக்கம் போகவேண்டாம்.

இன்னொரு குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துவிடலாம். சேகாவின் சிஹிரோ எக்ஸ்பாக்ஸை அடிப்படையாகக் கொண்டது, டிரைஃபோர்ஸ் கேம்கியூபை. நாம்கோ சிஸ்டம் 246 பிளேஸ்டேஷன் 2-இன் உறவு. இவை காலத்தால் அருகில் இருந்தாலும் கன்சோல் வழிப் பலகைகள். அவற்றுக்கு எமுலேட்டர்தான் வழி. இந்தக் கட்டுரை அவற்றைத் தொடவில்லை.

முதலில் வீட்டுப் பதிப்பைத் தேடுங்கள்

பலரும் கடைசியில் பார்ப்பதை முதலில் பார்க்கச் சொல்கிறேன். டைப் எக்ஸ், டைப் எக்ஸ்2 பலகைகளின் புகழ்பெற்ற ஆட்டங்களில் பல, கணினிக்கென்றே முறையாக வெளிவந்திருக்கின்றன. கிங் ஆஃப் ஃபைட்டர்ஸ் 13 ஸ்டீம் இணையக் கடையில் 2013-இல் வந்தது. அல்ட்ரா ஸ்ட்ரீட் ஃபைட்டர் 4 அடுத்த ஆண்டு வந்தது. ரெய்டன் 3, ரெய்டன் 4, பிளேஸ்புளூ ஆகியவையும் அங்கே உண்டு. விண்டோஸ் ஆட்டங்களை லினக்ஸில் ஓட்டும் ஸ்டீமின் புரோட்டான் மூலம் இவை லினக்ஸில் ஓடுகின்றன. டாங்கிள், ஜேவிஎஸ் தொல்லை எதுவும் இல்லை. கன்ட்ரோலரைச் செருகினால் அடையாளம் கண்டுகொள்ளும். ஸ்ட்ரீட் ஃபைட்டர் 4-ஐப் பொறுத்தவரை, முதல் ஆர்கேட் பதிப்பில் இல்லாத கேமி, ஃபெய் லாங், சகுரா போன்றவர்களும் வீட்டுப் பதிப்பில்தான் கிடைப்பார்கள்.

காசு போட்டு ஆடும் ஓட்டம், யாரும் ஆடாதபோது தானே ஓடும் காட்சிகள், ஆபரேட்டர் மெனு இவையெல்லாம் வீட்டுப் பதிப்பில் இருக்காது. கேபினட் கட்டி, காசுப் பொத்தானும் வைத்து, நுழையும்போதே அந்தச் சூழல் வேண்டும் என்பவருக்கு இது பெரிய இழப்பு. எனக்கும் அந்த ஆசை உண்டு. ஆனால் சண்டை ஆட்டங்களிலும் சுடும் ஆட்டங்களிலும் விரல் உணர்வது ஆட்டத்தைத்தான். அந்த உணர்வு இரண்டிலும் கிட்டத்தட்ட ஒன்றே. இவ்வகைக்கு வீட்டுப் பதிப்பு இருந்தால் வேறு வழியைத் தேடி நேரம் செலவழிக்க வேண்டாம் என்பதே என் முடிவு.

கணினியில் வராமல் பிளேஸ்டேஷன் 3-க்கு வந்தவையும் உண்டு. ஆஃப்டர் பர்னர் கிளைமாக்ஸ் 2010-இல் பிளேஸ்டேஷன் 3-க்கும் எக்ஸ்பாக்ஸ் 360-க்கும் வந்து, 2014 முடிவில் விற்பனையிலிருந்து எடுக்கப்பட்டது. ஹவுஸ் ஆஃப் தி டெட் 4 பிளேஸ்டேஷன் 3-க்கு 2012-இல் வந்தது. முன்பே வாங்கி வைத்திருப்பவர்களுக்கு லினக்ஸில் நேரடியாக ஓடும் பிளேஸ்டேஷன் 3 எமுலேட்டரான ஆர்பிசிஎஸ்3 ஒரு வழி. ஆனால் அது ஒரு முழுக் கன்சோலையே போலியாக உருவாக்குகிறது, வலுவான செயலி கேட்கும். 2005-ஆம் ஆண்டுக் கணினியில் ஓடிய ஓர் ஆட்டத்துக்கு இவ்வளவு சக்தி செலவழிப்பது எனக்கு உறுத்துகிறது. கீழே சொல்லும் வழி இதைவிட இலகுவானது.

லிண்ட்பெர்க்: லினக்ஸில் பிறந்ததை லினக்ஸிலேயே ஓட்டுவது

இந்தப் பட்டியலிலேயே எனக்கு மிகவும் பிடித்த வழி இது. லிண்ட்பெர்க் ஆட்டங்கள் அனைத்தும் 32-பிட் லினக்ஸ் நிரல்கள். அவற்றை லினக்ஸில் ஓட்டத் திறந்த மூல லோடர் ஒன்று இருக்கிறது. அதன் பெயரே லிண்ட்பெர்க் லோடர். ஆட்டம் தொடங்கும் முன் ஒரு பகிர்வு நூலகத்தை முன்கூட்டியே ஏற்றி, உள்ளீட்டுப் பலகையையும் பாதுகாப்புச் சோதனையையும் நோக்கி ஆட்டம் விடுக்கும் அழைப்புகளை வழிமறித்துத் தானே பதில் சொல்கிறது. ஆட்டத்தின் நிரல் செயலியில் நேராக ஓடுகிறது. நடுவில் மொழிபெயர்ப்பு அடுக்கு எதுவும் இல்லை. விர்ச்சுவா ஃபைட்டர் 5, அவுட்ரன் 2 எஸ்பி, லெட்ஸ் கோ ஜங்கிள், இனிஷியல் டி 4 எல்லாம் இந்தக் குடும்பம்தான்.

பட்டோசெராவின் அண்மைப் பதிப்புகளில் லிண்ட்பெர்க் தனி அமைப்பாகவே சேர்க்கப்பட்டிருக்கிறது. அங்கே வேலை எளிது. வழக்கமான லினக்ஸ் வழங்கலில் நீங்களே அமைப்பதானால் 32-பிட் நூலகங்கள்தான் முதல் தடை. ஆட்டங்கள் தொகுக்கப்பட்ட காலம் பழையது என்பதால், சி++ நிரல்களுக்கான ஐந்தாம் தலைமுறைப் பழைய நூலகம் உட்படச் சிலவற்றைத் தேடிச் சேர்க்க வேண்டியிருக்கும். 2019-இல் உபுண்டு 32-பிட் நூலகங்களை முற்றாகக் கைவிடப்போவதாக அறிவித்து, எதிர்ப்பு எழுந்ததும் பின்வாங்கியது நினைவிருக்கலாம். அன்று அது நடந்திருந்தால் இந்த ஆட்டங்களை நேரடியாக ஓட்டும் வழி பலருக்கும் அடைபட்டிருக்கும். 32-பிட் ஆதரவு நீண்டகாலம் இருக்கும் வழங்கலைத் தேர்ந்தெடுப்பது இந்த வகையில் முக்கியம்.

இரண்டாவது தடை கிராபிக்ஸ். பலகையில் இருந்தது என்விடியா. ஆட்டங்கள் அந்த டிரைவரை மனத்தில் வைத்து, அதன் ஓப்பன்ஜிஎல் நீட்சிகளையும் ஷேடர் மொழியையும் நம்பி எழுதப்பட்டவை. இன்றும் என்விடியா கார்டில்தான் தொல்லை குறைவு. ஏஎம்டி, இன்டெல் கார்டுகளில் சில ஆட்டங்கள் நன்றாக ஓடும், சிலவற்றில் காட்சி சிதையும் அல்லது கருந்திரைதான் மிஞ்சும். லோடரில் இதற்கான மாற்றுவழிகள் வளர்ந்துகொண்டே இருக்கின்றன. இருந்தாலும் புதிதாகக் கார்டு வாங்கப்போகிறவர் லிண்ட்பெர்க்கை முதன்மையாக நினைத்திருந்தால், ஏஎம்டி வாங்கச் சொல்லும் லினக்ஸ் உலகின் வழக்கமான பரிந்துரைக்கு மாறாக, என்விடியாவையே வாங்கலாம் என்பேன்.

லைட் கன் (திரையைக் குறிவைத்துச் சுடும் ஆட்டத் துப்பாக்கி) வைத்திருப்பவர்களுக்கு இந்த வழி ஒரு வரம். லோடர் லினக்ஸ் கெர்னல் தரும் உள்ளீட்டுச் சாதனங்களை நேரடியாகப் படிக்க முடியும். இரண்டு துப்பாக்கிகள் இரண்டு தனிச் சாதனங்களாகவே தெரியும்; ஹவுஸ் ஆஃப் தி டெட் 4-ஐ இருவர் சேர்ந்து ஆடலாம். உண்மையான கேபினட் வைத்திருப்பவர், யுஎஸ்பியிலிருந்து ஆர்எஸ்-485-க்கு மாற்றும் கம்பியின் வழியே அசல் ஜேவிஎஸ் பலகையை இணைக்கவும் இதில் வசதி உண்டு. அமைப்புக் கோப்பில் போலி ஜேவிஎஸ்ஸை அணைத்துவிட்டு, கம்பி இணைந்திருக்கும் தொடர் வழியை (சீரியல் போர்ட்) குறிப்பிட்டால் போதும்.

இதே லிண்ட்பெர்க் ஆட்டங்களைச் சிலர் டெக்னோபேரட் என்ற விண்டோஸ் லோடர் வழியாக, விண்டோஸ் நிரல்களை லினக்ஸில் ஓட்டும் வைனுக்குள் ஓட்டப் பார்க்கிறார்கள். யோசித்துப் பாருங்கள்: லினக்ஸ் நிரலை விண்டோஸில் ஓட்டுவதற்கு ஒரு லோடர், அந்த விண்டோஸ் லோடரை லினக்ஸில் ஓட்டுவதற்கு வைன். தெருவின் எதிர்வீட்டுக்குப் போக ஊரைச் சுற்றி வருவதுபோல. விண்டோஸ் பயன்படுத்துபவருக்கு டெக்னோபேரட் சரியான விடை. நம் பெட்டியில் அதற்கு இடமில்லை.

வைனும் டெக்னோபேரட்டும்

விண்டோஸில் பிறந்து, கணினிக்கு வீட்டுப் பதிப்பும் வராத ஆட்டங்கள் மிச்சமிருக்கின்றன. ரிங்எட்ஜ், ரிங்வைட் ஆட்டங்களில் பெரும்பகுதி, யூரோபா-ஆர் பலகையில் 2008-இல் வந்த சேகா ராலி 3, டைப் எக்ஸில் தங்கிவிட்ட சில சுடும் ஆட்டங்கள். இவற்றுக்கு லினக்ஸில் உள்ள வழி வைன். 1993-இல் தொடங்கிய இந்தத் திட்டம் விண்டோஸ் அழைப்புகளை லினக்ஸ் அழைப்புகளாக மாற்றித் தருகிறது. விண்டோஸின் டைரக்ட்எக்ஸ் காட்சிக் கட்டளைகளை லினக்ஸிலும் இருக்கும் வல்கனுக்கு மாற்றுவது டிஎக்ஸ்விகே. ஆர்கேட் சாதனங்களைப் போலியாக உருவாக்கும் பகுதிக்கு டெக்னோபேரட். டைப் எக்ஸ் ஆட்டங்களுக்கு மட்டும் ஜேகான்ஃபிக் போன்ற சிறிய பழைய லோடர்களும் உண்டு. டைப் எக்ஸ் மட்டும் போதும் என்றால் சிறிய லோடரையே முதலில் முயன்று பாருங்கள். வைனுக்குள் பாகங்கள் குறையக் குறைய உடைவதும் குறையும்.

டெக்னோபேரட்டைப் பற்றி இரண்டு விஷயங்களைத் தெரிந்துகொண்டு இறங்க வேண்டும். அதன் ஒரு பகுதி திறந்த மூலம், மையப் பகுதி மூடியது. சில ஆட்டங்களுக்குச் சந்தாவும் தேவைப்படும். பட்டோசெராவில் எல்லாமே, எல்லா அனுமதியும் உள்ள ரூட் பயனராக ஓடுகின்றன. வைன் வழக்கமாக இசட் டிரைவை முழுக் கோப்பு முறைமைக்கும் காட்டித் தருகிறது. அதாவது வைனுக்குள் ஓடும் எந்த விண்டோஸ் நிரலும் உங்கள் பெட்டியின் எந்த மூலைக்கும் போய்வர முடியும். எங்கிருந்தோ இறக்கிய ஆட்டக் கோப்புறையை இப்படி ஓட்டுவதில் உள்ள ஆபத்தை நான் லேசாக எடுத்துக்கொள்வதில்லை. சொந்தப் பலகையிலிருந்து நீங்களே எடுத்த நகலை ஓட்டும்போது உரிமைச் சிக்கலும் குறைவு, இந்தப் பயமும் குறைவு. அந்தப் பெட்டியில் வேறு சொந்த ஆவணங்களை வைக்காதீர்கள்.

அமைக்கும் வேலையில் பெரும் நேரத்தை விழுங்குவது டெக்னோபேரட்டின் முகப்பு. அது மைக்ரோசாஃப்ட்டின் டாட்நெட் நிரல் சூழலில் எழுதப்பட்டது. வைனுடன் வரும் மாற்றுச் சூழலில் சரியாக வரைவதில்லை, உண்மையான டாட்நெட்டைத் தனியே நிறுவவேண்டி வரும். நான் கண்டடைந்த குறுக்குவழி: முகப்பை வைனில் திறக்கவே முயலாதீர்கள். ஒரு விண்டோஸ் கணினியில் டெக்னோபேரட்டைத் திறந்து, ஆட்டத்தின் பாதை, திரை அமைப்பு, பொத்தான்கள் எல்லாவற்றையும் அங்கேயே முடித்து, முழுக் கோப்புறையையும் பெட்டிக்கு நகர்த்துங்கள். ஒவ்வோர் ஆட்டத்தின் அமைப்பும் ஒரு எக்ஸ்எம்எல் கோப்பாக இருப்பதால், பாதையை மட்டும் கையால் மாற்றினால் போதும். பிறகு முகப்பு நிரலுக்கு அந்த எக்ஸ்எம்எல் கோப்பின் பெயரைக் கட்டளை வரியில் கொடுத்தால் பட்டியலில் நிற்காமல் ஆட்டத்தையே தொடங்கும். டாட்நெட் அப்போதும் தேவைதான். ஆனால் ஒழுங்காக வரையாத சாளரத்தில் பொத்தானைத் தேடும் வேதனை இருக்காது.

பட்டோசெராவில் இதைப் பட்டியலில் சேர்ப்பது எளிது. விண்டோஸ் ரோம் கோப்புறைக்குள், பெயரின் முடிவில் புள்ளியும் பிசியும் வரும்படி ஒரு கோப்புறை. அதற்குள் ஆட்டோரன் சிஎம்டி என்ற சிறு உரைக்கோப்பு: ஒரு வரியில் எந்த அடைவு, அடுத்த வரியில் எந்தக் கட்டளை. வைனின் எந்த வகையில் ஓடவேண்டும், டிஎக்ஸ்விகே வேண்டுமா என்பதை ஒவ்வோர் ஆட்டத்துக்கும் தனித்தனியே மெனுவில் தேர்ந்தெடுக்கலாம்.

இனி, ஓடாமல் போவதற்கான காரணங்கள். இவை ஒவ்வொன்றையும் நான் பார்த்துவிட்டேன்.

ரோம்கள் எக்ஸ்ஃபாட் என்ற கோப்பு முறைமையில் அமைத்த வட்டில் இருந்தால் அங்கேயே நின்றுவிடும். வைன் தன் போலி டிரைவ்களைக் குறியீட்டு இணைப்புகளாக வைக்கிறது. எக்ஸ்ஃபாட்டுக்கு அவை தெரியாது. பழைய ரோம்களுக்கு ஒரு குறையும் இல்லாமல் ஓடிக்கொண்டிருந்த வட்டு என்பதால் அதன்மேல் சந்தேகமே வராது. எனக்கு இரண்டு மாலைப்பொழுதுகள் இதிலேயே போயின. இஎக்ஸ்டி4 அல்லது பிடிஆர்எஃப்எஸ் வட்டுக்கு மாற்றியதும் வேறு எதையும் தொடாமலே ஆட்டம் வந்தது.

அடுத்தது டிஎல்எல் கோப்புகள், அதாவது விண்டோஸ் நிரல்கள் ஏற்றிக்கொள்ளும் நூலகங்கள். லோடர்களும் கூடுதல் செருகிகளும் ஆட்டக் கோப்புறைக்குள் டிஇன்புட்8 அல்லது டி3டி9 என்ற பெயரில் தங்கள் நூலகத்தை வைத்து நுழைகின்றன. விண்டோஸ் அருகில் இருப்பதையே முதலில் எடுக்கும். வைனோ தன் உள்ளமைந்த பதிப்பை எடுத்துக்கொள்ளக்கூடும். அப்போது லோடர் ஏறவே ஏறாது, ஆட்டம் உள்ளீட்டுப் பலகை இல்லை என்று பிழை சொல்லி நிற்கும். அந்தப் பெயருள்ள நூலகத்துக்கு முதலில் வெளிப்பதிப்பு, பிறகு உள்ளமைந்தது என்று வைனின் டிஎல்எல் மேலெழுதல் அமைப்பில் சொல்லிவிட வேண்டும். ஜேவிஎஸ் பிழைத் திரை வந்தால் நான் முதலில் பார்ப்பது இதைத்தான்.

கிராபிக்ஸ் கார்டு பழையதா என்பதும் கணக்கில் வரும். 2022 நவம்பரில் வந்த டிஎக்ஸ்விகே 2.0 முதல் வல்கன் 1.3 கட்டாயம். என்விடியாவின் கெப்லர் தலைமுறைக் கார்டுகளுக்குக் கடைசி டிரைவர் வரிசை 470. அது வல்கன் 1.2-ஓடு நிற்கிறது. அத்தகைய கார்டில் டிஎக்ஸ்விகே 1.10.3 வைத்துக்கொள்ளுங்கள், அல்லது டிஎக்ஸ்விகேயை அணைத்துவிட்டு வைனின் சொந்த ஓப்பன்ஜிஎல் வழியில் ஓட்டுங்கள். டைப் எக்ஸ் காலத்து ஆட்டங்களுக்கு அந்த வேகமே போதும்.

திரையின் புதுப்பிப்பு வீதமும் கவனிக்கவேண்டியது. ஆர்கேட் திரை வினாடிக்கு 60 முறை புதுப்பிக்கும் என்று நம்பி எழுதப்பட்ட ஆட்டம், 144 ஹெர்ட்ஸ் திரையில் தாறுமாறான வேகத்தில் ஓடக்கூடும். வீதத்தை 60-க்குக் குறைத்துவிட்டால் சரியாகிவிடும். ரெய்டன் போல நெடுந்திரையில் ஆடவேண்டியவற்றுக்குத் திரையையே திருப்பி வைக்க முடிந்தால் நல்லது. இல்லாவிட்டால் நடுவில் குறுகலான ஒரு பட்டையாகத்தான் தெரியும்.

இவை எல்லாம் தீரக்கூடியவை. தீராத ஒன்றும் இருக்கிறது. வைனுக்கு வெளியே இரண்டு துப்பாக்கிகள் இருந்தாலும் வைனுக்கு உள்ளே அவை ஒரே சுட்டெலியாகக் கலந்துவிடுகின்றன. ஒருவர் ஆடும் வரை தெரியாது. இரண்டாமவர் துப்பாக்கியைத் தூக்கியதும் குறி அங்குமிங்கும் தாவும். ஸ்டியரிங் வீலின் எதிர்விசையும் அப்படியே: சில ஆட்டங்களில் வரும், சிலவற்றில் வீல் உயிரில்லாமல் சுழலும். வண்டி ஆட்டத்தில் கைக்கு எதிர்விசை வராவிட்டால் ஆட்டத்தின் பாதி போய்விட்டதாகவே நான் கருதுகிறேன்.

தனி விண்டோஸ் எப்போது சரி?

மேலே சொன்ன இரண்டும்தான் பதில்: விண்டோஸில் பிறந்த துப்பாக்கி ஆட்டங்களை இருவர் ஆடவேண்டும், அல்லது விண்டோஸில் பிறந்த வண்டி ஆட்டங்களை நல்ல வீலோடு ஆடவேண்டும். இவை உங்களுக்கு முக்கியம் என்றால் இன்னொரு எஸ்எஸ்டி வாங்கி விண்டோஸ் போடுங்கள். அங்கே ரெட்ரோபேட் என்ற அமைப்பு, பட்டோசெராவைப் போலவே எமுலேஷன்ஸ்டேஷன் முகப்போடு வருகிறது. டெக்னோபேரட்டை அது நேரடியாக ஆதரிக்கிறது. துப்பாக்கிகளைப் பிரித்தறிய டெமுல்ஷூட்டர், எதிர்விசைக்கு எஃப்எஃப்பி ஆர்கேட் செருகி ஆகிய கருவிகள் அந்த உலகத்துக்காகவே எழுதப்பட்டவை. லினக்ஸில் ஒரு வாரம் போராடிப் பாதி கிடைப்பது, அங்கே ஒரு மாலையில் முழுதாகக் கிடைக்கும். லினக்ஸை நேசிப்பவன் நான். இருந்தும் இந்த ஒரு விஷயத்தில் வேறு பதில் சொன்னால் வாசிப்பவரின் நேரத்துக்கு நான் துரோகம் செய்தவனாவேன்.

ஒரே எஸ்எஸ்டியைப் பகிர்ந்து இரண்டு இயங்குதளங்களை வைக்காதீர்கள். விண்டோஸ் புதுப்பித்தல் துவக்க வரிசையை மாற்றிவிடுவது உண்டு. தனித்தனி எஸ்எஸ்டி என்றால் கணினியின் துவக்கப் பட்டியலில் ஒன்றைத் தேர்ந்தெடுத்து நுழையலாம். ஒன்று கெட்டாலும் மற்றது பிழைத்திருக்கும். நஷ்டம் என்னவென்றால், வீட்டில் மற்றவர்கள் ஆடும்போது "இந்த ஆட்டத்துக்குக் கணினியை மறுபடி துவக்கு" என்று ஒவ்வொரு முறையும் சொல்லவேண்டி வரும். ஒற்றை முகப்பு, ஒற்றைப் பட்டியல் என்ற சுகம் போய்விடும்.

லினக்ஸுக்குள்ளேயே மெய்நிகர் கணினியில் விண்டோஸை ஓட்டி, இரண்டாவது கிராபிக்ஸ் கார்டை அதற்கு ஒப்படைக்கும் வழியும் இருக்கிறது. கார்டை அப்படி ஒப்படைக்க உதவும் ஐஓஎம்எம்யூ வசதியுள்ள மதர்போர்டு, பெரும்பாலும் இரண்டு கார்டுகள், பொறுமை மூன்றும் வேண்டும். ஆர்கேட் பெட்டிக்கு இது அளவுக்கு மீறிய ஏற்பாடு. ராஸ்பெரி பை போன்ற ஆர்ம் பலகைகளை வைத்திருப்பவர்கள் இந்த ஆட்டங்களை விட்டுவிடுவது நல்லது. எக்ஸ்86 நிரல்களை அங்கே ஓட்டும் பாக்ஸ்86 போன்ற திட்டங்கள் இருக்கின்றன. ஆனால் பழைய சாதனப் போலிகளும் வைனும் டிஎக்ஸ்விகேயும் அதன்மேல் ஏறும்போது ஆடக்கூடிய எதுவும் மிஞ்சாது. ராஸ்பெரி பையை எண்பது, தொண்ணூறுகளின் பலகைகளுக்கு வைத்துக்கொண்டு, இதற்கு ஒரு பழைய மேசைக் கணினியை ஒதுக்குங்கள்.

நான் வைத்திருக்கும் ஏற்பாடு

லிண்ட்பெர்க் ஆட்டங்கள் அனைத்தும் பட்டோசெராவில் நேரடி லோடர் மூலம். சண்டை ஆட்டங்கள் வாங்கிய வீட்டுப் பதிப்புகள். வைன் வழியாக நான் வைத்திருப்பது ஆறே ஆட்டங்கள். ஆறும் கன்ட்ரோலரில் ஒருவர் அல்லது இருவர் ஆடுபவை, துப்பாக்கியோ வீலோ கேட்காதவை. முன்பு இருபதுக்கு மேல் அடுக்கி வைத்திருந்தேன். பாதி ஓடும், பாதி ஓடாது, எது எப்போது ஓடும் என்று எனக்கே தெரியாது. விருந்தினர் முன்னால் பட்டியலில் ஒன்றைத் தேர்ந்தெடுத்துக் கருந்திரை வரும் அனுபவத்துக்குப் பிறகு, மூன்று முறை தொடர்ந்து ஓடாத எதையும் பட்டியலில் வைப்பதில்லை என்று முடிவெடுத்தேன். விண்டோஸ் எஸ்எஸ்டி ஒன்று தனியே இருக்கிறது, வண்டி ஆட்டங்களுக்காக மட்டும்.

வைனில் ஓடத் தொடங்கிய ஆட்டத்தில் உடனே ஆடப் போகாதீர்கள். முதலில் டெஸ்ட் பொத்தானை அழுத்தி ஆபரேட்டர் மெனுவுக்குள் நுழைந்து, உள்ளீட்டுச் சோதனைப் பக்கத்தைத் திறந்து, ஒவ்வொரு பொத்தானையும் ஒவ்வொரு திசையையும் அழுத்திப் பாருங்கள். ஆட்டத்தின் பார்வையில் உங்கள் கன்ட்ரோலர் எப்படித் தெரிகிறது என்பதை அந்தப் பக்கம்தான் நேராகச் சொல்லும். இலவச ஆட்டமா காசு ஆட்டமா என்பதையும் அங்கேயே வைத்துவிடுங்கள். மெனுவிலிருந்து வெளியேறி, ஆட்டத்தை மூடி, மறுபடி திறந்து, அமைப்பு நிலைத்திருக்கிறதா என்று பாருங்கள். நிலைக்கவில்லை என்றால், ஆட்டம் எழுதத் தேடும் டிரைவ் எழுத்து வைனில் இல்லை என்று பொருள். அந்த எழுத்துக்கு ஓர் இணைப்பை உருவாக்கிக் கொடுத்தால் சேமிக்கத் தொடங்கும்.

எல்லாம் சரியாக ஓடும் அந்த நாளில் இரண்டு பொருள்களை நகலெடுத்து வையுங்கள். ஒன்று, டெக்னோபேரட் கோப்புறை முழுவதும், அதன் தானியங்கிப் புதுப்பிப்பை நிறுத்திவிட்டு. மற்றது, அந்த ஆட்டம் ஓடிய அதே வைன் பதிப்பு. பட்டோசெராவில் வைனுக்கான தனிப்பயன் கோப்புறையில் அதை வைத்துவிட்டு, அந்த ஆட்டத்துக்கு அதையே நிரந்தரமாகத் தேர்ந்தெடுத்து விடுங்கள். அடுத்த பட்டோசெரா புதுப்பிப்பு தன்னுடன் வரும் வைனை மாற்றினாலும், உங்கள் ஆறு ஆட்டங்களும் நேற்று ஓடியதுபோலவே நாளையும் ஓடும்.